கரும்பூஞ்சை மருந்துக்கு வழி திறந்த மண் ஜாடிகள்: யார் இந்த எலிசபெத் ஹேசன்?

2021 மே மாதம் ஞாபகம் இருக்கிறதா? ஆக்சிஜனுக்கு அலைந்து ஓய்வதற்குள் வாட்ஸ்அப் குழுக்களில் இன்னொரு பெயர் சுற்ற ஆரம்பித்தது: ஆம்போடெரிசின் பி. கரும்பூஞ்சை என்று நாம் சொன்ன மியூகோர்மைகோசிஸ் நோய்க்கான ஊசி மருந்து. ஒவ்வொரு குப்பிக்கும் குடும்பங்கள் ஊர் ஊராக விசாரித்தன. அந்த ஜூலைக்குள் நாடு முழுவதும் 45,000-க்கும் அதிகமானோருக்குத் தொற்று, 4,300-க்கும் அதிகமானோர் மரணம் என்று மத்திய அரசு நாடாளுமன்றத்தில் சொன்னது.

அப்போது பலருக்கும் வந்த சந்தேகம் இது. மெடிக்கல் ஷாப்பில் பூஞ்சைக்கு மாத்திரை ஏகப்பட்டது இருக்கே, இந்த ஒரு ஊசிக்கு ஏன் இவ்வளவு அலைச்சல்?

காரணம், கரும்பூஞ்சை பிறவியிலேயே பிடிவாதக்காரன். பரவலாகக் கிடைக்கும் ஃப்ளுகோனசோல் அதை ஒன்றும் செய்யாது. நுரையீரலைத் தாக்கும் ஆஸ்பெர்ஜிலஸ் பூஞ்சைக்கு முதலில் கொடுக்கப்படும் வோரிகோனசோலும் இதனிடம் எடுபடாது. எகினோகாண்டின் வகை ஊசிகளையும் நம்ப முடியாது. அதாவது, நோயாளிக்குப் பூஞ்சைத் தொற்று என்று தெரிந்தால் மட்டும் போதாது, எந்தப் பூஞ்சை என்று தெரிய வேண்டும். தவறாகக் கணித்தால் மருந்து உள்ளே போய்க்கொண்டே இருக்கும், பூஞ்சையும் பரவிக்கொண்டே இருக்கும்.

எந்தப் பூஞ்சை என்று அடையாளம் காண்பது, அதைக் கொல்ல மருந்து தேடுவது. இந்த இரண்டு வேலையையும் ஒரே ஆயுளில் செய்தவர் எலிசபெத் லீ ஹேசன். பூஞ்சையியல் படிப்பவர்களுக்கு நன்றாகத் தெரிந்த பெயர். மற்றவர்களுக்கு அவ்வளவாகத் தெரியாது என்பதுதான் வருத்தம்.

1885 ஆகஸ்ட் 24. அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில் ரிச் என்ற சின்ன ஊர். பருத்தி விவசாயம் செய்த குடும்பம். நான்கு வயது முடிவதற்குள் அப்பா, அம்மா இரண்டு பேரையும் இழந்தார். சித்தப்பா வீட்டில்தான் வளர்ந்தார். ஒரே அறைதான் பள்ளிக்கூடம். அங்கிருந்து மாநிலத்தின் அரசு மகளிர் கல்லூரிக்குப் போய் 1910-ல் பட்டம் வாங்கினார். பிறகு ஜாக்சன் நகரில் பள்ளி ஆசிரியை.

பொதுவாக அந்தக் கால வாழ்க்கைக் கதைகள் இங்கேயே முடிந்துவிடும். ஹேசன் சம்பளத்தில் மிச்சம் பிடித்துப் படிப்பைத் தொடர்ந்தார். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் 1917-ல் முதுநிலைப் பட்டம். முதல் உலகப் போர் சமயத்தில் ராணுவத்தின் நோயறியும் ஆய்வகங்களில் வேலை. மறுபடியும் கொலம்பியா. 1927-ல் நுண்ணுயிரியலில் பிஎச்.டி வாங்கியபோது வயது 42-ஐ நெருங்கியிருந்தது. முப்பது வயதுக்குள் செட்டில் ஆகவில்லையே என்று இரவில் தூக்கம் வராதவர்கள் இந்த வரியை இன்னொரு முறை படிக்கலாம்.

1931-ல் நியூயார்க் மாநில சுகாதாரத் துறையின் ஆய்வகத்தில் சேர்ந்தார். அங்கே அவர் பார்த்தது கிட்டத்தட்ட துப்பறியும் வேலை. ஆந்த்ராக்ஸ் நோய் பரவியபோது, அதன் மூலம் ஒரு பிரஷ் தொழிற்சாலை என்று தேடிப் பிடித்தார். இறக்குமதியான டின் மீனைச் சாப்பிட்டவர்கள் இறந்தபோது, அதில் இருந்தது அமெரிக்காவில் அதுவரை யாரும் கண்டிராத ஒரு வகை பாட்டுலிசம் நச்சு என்று கண்டறிந்தார்.

1940-களில் மருத்துவத்தில் ஒரு விசித்திரமான சிக்கல் வந்தது. பென்சிலின் போன்ற ஆன்டிபயாடிக் மருந்துகள் பாக்டீரியாவை அடித்து நொறுக்கின. கூடவே நம் வாயிலும் குடலிலும் இருக்கும் நல்ல பாக்டீரியாவும் செத்தன. காலியான இடத்தைப் பூஞ்சைகள் பிடித்துக்கொண்டன. ஒரு நோயைக் குணப்படுத்தும் மருந்தே இன்னொரு நோய்க்குக் கதவைத் திறந்துவிட்டது. உடலுக்குள் இறங்கும் பூஞ்சைக்கு அன்றைக்கு நம்பகமான, பாதுகாப்பான மருந்து இல்லை.

பூஞ்சை ஆய்வுக்குப் பொறுப்பேற்கச் சொல்லி 1944-ல் ஹேசனிடம் கேட்டார்கள். அவர் அதுவரை பாக்டீரியா நிபுணர். ஆனாலும் கொலம்பியாவில் ரோடா பென்ஹாம் என்ற பூஞ்சையியல் நிபுணரிடம் போய், மாணவி மாதிரி முதலிலிருந்து கற்றுக்கொண்டார். நோயாளிகளிடமிருந்து வந்த மாதிரிகளை வளர்த்து, ஒவ்வொரு பூஞ்சையும் எப்படி இருக்கும் என்று கண்ணாடித் தகடுகளாகவும் உயிருள்ள வளர்ப்புகளாகவும் சேகரித்தார். மருந்து தேடுவதற்கு முன்னால் எதிரிகளின் ஆல்பத்தைத் தயார் செய்துவிட்டார்.

சரி, மருந்தை எங்கே தேடுவது? மண்ணில். காசநோய்க்கான ஸ்ட்ரெப்டோமைசின் 1943-ல் மண் நுண்ணுயிரியிலிருந்துதான் கிடைத்திருந்தது. பாக்டீரியாவைக் கொல்வது மண்ணில் இருந்தால், பூஞ்சையைக் கொல்வதும் இருக்கலாம் இல்லையா?

1948-ல் அவருக்கு ஒரு கூட்டாளி கிடைத்தார். வேதியியலாளர் ரேச்சல் ஃபுல்லர் பிரவுன். அதே துறைதான், ஆனால் அவர் இருந்தது ஆல்பனி நகரில். ஹேசன் இருந்ததோ நியூயார்க் நகரில். நடுவில் சுமார் 240 கிலோமீட்டர். இவர்களை இணைத்தது தபால். ஹேசன் மண் மாதிரிகளிலிருந்து நுண்ணுயிரிகளை வளர்த்து, பூஞ்சையைக் கொல்கிறதா என்று பார்ப்பார். கொன்றால், அந்த வளர்ப்பைப் பழ ஊறல் போடும் கண்ணாடி ஜாடியில் அடைத்து ஆல்பனிக்கு அனுப்புவார். எந்தப் பொருள் கொல்கிறது என்று பிரவுன் பிரித்தெடுத்துத் திருப்பி அனுப்புவார். ஹேசன் மறுபடி சோதிப்பார். பெரும்பாலும் கிடைத்த முடிவு ஒன்றுதான்: பூஞ்சை சாகிறது, ஆய்வக விலங்கும் சாகிறது.

இதில் ஆச்சரியம் இல்லை. பாக்டீரியாவைவிடப் பூஞ்சைதான் உயிர்களின் வரிசையில் நமக்கு நெருங்கிய சொந்தம். அதன் செல்லைத் தாக்குவது நம் செல்லையும் தாக்கிவிடும். பூஞ்சை மருந்துகள் இன்றுவரை விரல்விட்டு எண்ணும் அளவில் இருப்பதற்கு முக்கியக் காரணம் இதுவே.

அதே 1948-ல் வர்ஜீனியாவில் நண்பர்களான நூர்ஸ் குடும்பத்தின் பண்ணைக்குப் போன ஹேசன், அங்கிருந்தும் மண் எடுத்து வந்தார். அதிலிருந்த ஒரு நுண்ணுயிரி இரண்டு பொருட்களைச் சுரந்தது. ஒன்று வழக்கம்போல விஷம். இன்னொன்று பூஞ்சையை மட்டும் குறிவைத்தது. நுண்ணுயிரிக்குப் பண்ணைக்காரரின் பெயரில் ஸ்ட்ரெப்டோமைசிஸ் நூர்சீ என்று பெயர் வைத்தார்கள். 1950-ல் கண்டுபிடிப்பை அறிவித்தார்கள். மருந்துக்கு நியூயார்க் ஸ்டேட் என்பதைச் சுருக்கி நிஸ்டாட்டின் என்று பெயர். கண்டுபிடித்த இருவரின் பெயரும் எதிலும் இல்லை.

நிஸ்டாட்டின் வேலை செய்யும் விதம் சுவாரஸ்யமானது. பூஞ்சை செல்லின் வெளிச்சவ்வில் எர்கோஸ்டெரால் என்ற பொருள் இருக்கிறது. நம் செல்லில் அந்த இடத்தில் இருப்பது கொலஸ்ட்ரால். நிஸ்டாட்டின் எர்கோஸ்டெராலைப் பிடித்துக்கொள்ளும். சவ்வு சிதைந்து பூஞ்சை செத்துப்போகும். பச்சைக் குழந்தையின் நாக்கில் வெள்ளை படிந்தால் டாக்டர் எழுதிக்கொடுக்கும் சொட்டு மருந்துகளில் இது இன்றும் உண்டு.

ஆனால் இதை ரத்தத்தில் ஏற்ற முடியாது, அந்த அளவுக்கு நச்சு. மாத்திரையாக விழுங்கினால் குடலைத் தாண்டி உள்ளே போகாது. அடுத்த படியை எடுத்தது, நிஸ்டாட்டினைத் தயாரித்து விற்ற அதே ஸ்க்விப் நிறுவனம்தான். 1950-களின் நடுவில், வெனிசுவேலாவின் ஒரினோகோ ஆற்றுப் பகுதி மண்ணிலிருந்து அதன் விஞ்ஞானிகள் எடுத்தார்கள் ஆம்போடெரிசின் பி-யை. நிஸ்டாட்டினின் அதே பாலியீன் குடும்பம், அதே எர்கோஸ்டெரால் தாக்குதல், ஆனால் நரம்பில் ஏற்றலாம். 2021-ல் நாம் தேடி அலைந்த குப்பியின் பூர்வீகம் இது. அது சிறுநீரகத்தைப் பதம் பார்ப்பதும், சவ்வுகளில் உள்ள கொலஸ்ட்ராலும் எர்கோஸ்டெராலும் கிட்டத்தட்ட ஒரே சாயலில் இருப்பதால்தான்.

நிஸ்டாட்டினுக்கு மனித உடலுக்கு வெளியேயும் வேலை கிடைத்தது. 1966-ல் இத்தாலியின் ஃப்ளாரன்ஸ் நகரம் வெள்ளத்தில் மூழ்கியபோது, நனைந்துபோன ஓவியங்களில் பூஞ்சை பரவாமல் தடுக்க இதைப் பயன்படுத்தினார்கள்.

காப்புரிமைத் தொகையாக வந்தது 1.3 கோடி டாலருக்கும் மேல். இரண்டு பேரும் தங்களுக்கென்று ஒரு டாலர்கூட எடுத்துக்கொள்ளவில்லை. பாதி அறிவியல் ஆராய்ச்சிக்கான ஒரு லாபநோக்கற்ற அமைப்புக்கு, மீதி பிரவுன்-ஹேசன் நிதிக்கு. மருத்துவப் பூஞ்சையியல் ஆய்வுக்கும் பயிற்சிக்கும் அந்த நிதி பல ஆண்டுகள் பெரிய ஆதாரமாக இருந்தது.

பயிற்சிக்கு ஏன் காசு? இதைப் புரிந்துகொள்ள, 1955-ல் ஹேசன் சக ஆய்வாளருடன் சேர்ந்து வெளியிட்ட கையேட்டைப் பார்க்க வேண்டும். நோய் உண்டாக்கும் பூஞ்சைகளை ஆய்வகத்தில் எளிதாக அடையாளம் காண்பது எப்படி என்பதுதான் அதன் பொருள். அது இன்றும் தீராத பிரச்சினை. ஆஸ்பெர்ஜிலஸ் டெரியஸ் என்ற பூஞ்சை, ஆம்போடெரிசினுக்கே அடங்காது. அதன் உறவினரான ஆஸ்பெர்ஜிலஸ் ஃப்யூமிகேட்டஸ் வோரிகோனசோலுக்கு அடங்கும். ஆனால் வயலில் தெளிக்கும் அதே வகை பூஞ்சைக்கொல்லிகளால் அதிலும் சில எதிர்ப்பைப் பழகிவிட்டன. லோமென்டோஸ்போரா புரோலிஃபிகன்ஸ் என்ற அரிய பூஞ்சையோ கையில் இருக்கும் கிட்டத்தட்ட எல்லா மருந்துகளையும் தாங்கும். மைக்ரோஸ்கோப்பில் திசுவைப் பார்க்கும்போது ஆஸ்பெர்ஜிலஸும் லோமென்டோஸ்போராவும் ஏறக்குறைய ஒரே மாதிரி மெல்லிய இழைகளாகத்தான் தெரியும். வளர்த்துப் பார்த்து, அடையாளம் தெரிந்த ஒருவர் சொன்னால்தான் உண்டு, இல்லாவிட்டால் மரபணுச் சோதனை.

ஹேசன் 1960-ல் ஓய்வு பெற்றார். ஓய்வு என்பது பெயருக்குத்தான், கொலம்பியாவின் பூஞ்சையியல் ஆய்வகத்துக்குப் போய் வேலை பார்த்தபடியே இருந்தார். கடைசிக் காலத்தில் உடல்நலமில்லாத சகோதரியைப் பார்க்க சியாட்டில் போனவர், தானும் நோயில் விழுந்து அங்கேயே 1975 ஜூன் 24-ல் இறந்தார். வயது 89. அந்த ஆண்டுதான் அவருக்கும் பிரவுனுக்கும் அமெரிக்க வேதியியலாளர்கள் அமைப்பின் முன்னோடி விருது கிடைத்தது. அதைப் பெற்ற முதல் பெண்கள் இவர்கள்தான். பிரவுன் 1980 ஜனவரியில் காலமானார். அமெரிக்காவின் தேசியக் கண்டுபிடிப்பாளர்கள் பட்டியலில் இருவரின் பெயரும் 1994-ல் சேர்ந்தே இடம்பெற்றன.