ஒரு காப்பிக்கு எவ்வளவு நேரம் உட்காரலாம்? – உட்லண்ட்ஸ் கிருஷ்ணராவின் கதை

ஏற்காட்டுல கிளியூர் அருவிக்கு இறங்கிப் போனவங்களுக்குத் தெரியும், அந்தப் பக்கமெல்லாம் காப்பித் தோட்டம்தான். 1820-களில் சேலம் கலெக்டரா இருந்த காக்பர்ன் என்ற ஸ்காட்லாந்துக்காரர்தான் சேர்வராயன் மலைக்குக் காப்பிச் செடியைக் கொண்டுவந்தார். ஆனா அந்தக் காப்பி நம்ம ஜனங்களோட தினசரிப் பழக்கமா மாற இன்னும் பல பத்தாண்டுகள் ஆச்சு. மலையில் விளைஞ்சதை டவுன்காரங்க கையில் டபரா டம்ளரில் கொண்டு சேர்த்ததில் உடுப்பி ஹோட்டல்களுக்குப் பெரிய பங்கு உண்டு.

பிரான்ஸ், இத்தாலி பக்கம் ஒரு ரெஸ்டாரன்ட் எப்படின்னு அங்க கிடைக்கிற ஒயினை வெச்சு எடை போடுவாங்க. நம்ம ஊர்ல அந்த இடம் டிகாஷனுக்கு. அப்படிப்பட்ட ஊர்ல பேர் வாங்கின ஹோட்டல்காரர் கே. கிருஷ்ணராவ். 'உட்லண்ட்ஸ்' கிருஷ்ணராவ்னு சொன்னா சென்னையில் நம்ம தாத்தா பாட்டிகளுக்கு உடனே தெரியும்.

மாவரைத்த பையன்

1898-ல் தென் கன்னட மாவட்டத்தில் கடந்தலே என்ற கிராமத்தில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். அப்போ அந்த மாவட்டம் மெட்ராஸ் மாகாணத்தில்தான் இருந்தது. சின்ன வயசிலேயே மடத்துச் சமையலறையில் எடுபிடி வேலை, அப்புறம் ஹோட்டலில் மாவரைக்கிற வேலை.

இப்போ நமக்கு மாவுன்னா பாக்கெட். அப்போ கிரைண்டரே கிடையாது. மோட்டார் வெச்ச வெட் கிரைண்டர் கோயம்புத்தூரில் உருவானது 1950-களில்தான். அதுவரைக்கும் ஒரு ஹோட்டலுக்குத் தேவையான அத்தனை மாவும் ஆட்டுக்கல்லில் கையால் ஆட்டினதுதான். கடை திறக்கும்போது இட்லி ரெடியா இருக்கணும்னா முந்தின நாளே யாரோ ஒருத்தர் மணிக்கணக்கா கல்லைச் சுத்தியிருக்கணும். கிருஷ்ணராவ் தொழிலைக் கத்துக்கிட்டது அந்தக் கல்லுக்குப் பக்கத்தில்.

1920-களின் தொடக்கத்தில் மெட்ராஸ் வந்தார். ஜார்ஜ் டவுனில் ஒரு ஹோட்டலில் வேலை. பிறகு ஆச்சாரப்பன் தெருவில் இருந்த ஒரு சின்ன ஹோட்டலை முதலாளியிடமிருந்து தவணை முறையில் வாங்கினார். கையில் மொத்தமா காசு இல்லாதவருக்கு அதுதான் ஃபண்டிங். அந்தப் பத்தாண்டு முடியறதுக்குள்ள மவுண்ட் ரோட்டில் உடுப்பி ஸ்ரீ கிருஷ்ண விலாஸ் வந்துவிட்டது.

உடுப்பி மடத்துச் சமையலில் வெங்காயம், பூண்டு கிடையாது. அந்தக் கட்டுப்பாட்டில் வளர்ந்தவர், வெங்காயமும் உருளைக்கிழங்கும் வதக்கி உள்ளே வெச்ச மசாலா தோசையை மெட்ராஸுக்குப் பழக்கினார்னு உணவு வரலாறு எழுதற பலரும் சொல்றாங்க. மடத்தில் கத்துக்கிட்ட சுத்தத்தையும் பக்குவத்தையும் வெச்சுக்கிட்டார். மெனுவை ஊருக்காக மாத்திக்கிட்டார்.

யார் எங்கே உட்காரலாம்?

இந்தக் கதையில் ஒரு விஷயத்தை மறைக்க முடியாது. அன்றைய காப்பி கிளப்களில் எல்லாரும் ஒண்ணா உட்கார முடியாது. பிராமணர்களுக்குத் தனி இடம், மற்றவர்களுக்கு வேறு இடம். தலித் மக்களுக்குப் பல இடங்களில் வாசலோடு சரி. உடுப்பி ஹோட்டல்களை நடத்தியவர்களில் பெரும்பாலோர் பிராமணர்கள். அந்தத் தொழில் வளர்ந்ததில் இந்த வழக்கத்துக்கும் பங்கு இருந்தது.

அது தானா மாறலை. 1950-ல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டத்தின் 15-வது பிரிவு, ஹோட்டலிலும் உணவகத்திலும் சாதி பார்த்து யாரையும் தடுக்கக் கூடாதுன்னு எழுதியது. அதுக்கப்புறமும் 1957-ல் திருவல்லிக்கேணி முரளி கபே பெயர்ப்பலகையில் இருந்த 'பிராமணாள்' என்ற சொல்லை எடுக்கச் சொல்லி பெரியார் இயக்கத்தினர் மாசக்கணக்கில் மறியல் பண்ண வேண்டியிருந்தது. ஒரு டம்ளர் காப்பிக்கு முன்னால் சமமா உட்கார்றதுக்கு இவ்வளவு நடந்திருக்கு மக்களே!

வாடகை வீடு கொடுத்த பேர்

1938-ல் கிருஷ்ணராவ் பெரிய ரிஸ்க் எடுத்தார். ராயப்பேட்டையில் ராமநாதபுரம் ராஜாவுக்குச் சொந்தமான ஒரு மாளிகையைக் குத்தகைக்கு எடுத்து, தங்கும் அறைகளோட ஹோட்டல் ஆரம்பித்தார். அந்த மாளிகையோட பேர்தான் 'உட்லண்ட்ஸ்'. சுத்த சைவம், இங்கிலீஷ் பேர். இன்னைக்கு நாம பிராண்டிங்னு வகுப்பு எடுத்துப் படிக்கிறோம். அவர் அந்த வீட்டில் ஏற்கெனவே இருந்த பேரை எடுத்துக்கிட்டார், அவ்வளவுதான்.

குத்தகை இடம் என்றைக்கும் நம்ம இடம் ஆகாது. 1952-ல் எட்வர்ட் எலியட்ஸ் ரோட்டில், அதாவது இப்போதைய டாக்டர் ராதாகிருஷ்ணன் சாலையில், 'நியூ உட்லண்ட்ஸ்' திறந்தார். பேர் ஒரு வீட்டிலிருந்து இன்னொரு இடத்துக்கு நடந்து வந்த மாதிரி. அப்போ அவருக்கு வயசு ஐம்பதைத் தாண்டியாச்சு. மத்தவங்க ரிட்டையர்மென்ட் பத்தி யோசிக்கிற வயசு.

கார் இல்லாதவர்களின் டிரைவ்-இன்

அதுக்கும் பத்து வருஷம் கழிச்சு, 1962-ல், கதீட்ரல் ரோட்டில் வேளாண் தோட்டக்கலைச் சங்கத்தின் வசம் இருந்த நிலத்தில் உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் வந்தது. ஐடியா அமெரிக்காவோடது. காரை மரத்தடியில் நிறுத்தினா சர்வர் வந்து ஆர்டர் எடுப்பார். கார் ஜன்னலில் ட்ரேயை மாட்டி அதில் தோசையும் காப்பியும் வைப்பார். இன்ஜினியரா பார்த்தா அழகான டிசைன். டேபிள், நாற்காலியை வாடிக்கையாளரே ஓட்டிக்கிட்டு வந்துடறார்!

ஆனா 1962-ல் மெட்ராஸில் எத்தனை பேரிடம் கார் இருந்திருக்கும்? டிரைவ்-இன்னுக்கு உயிர் கொடுத்தது கார் இல்லாம வந்தவங்க. உள்ளே இருந்த ஹாலில் காலேஜ் பசங்க, மெடிக்கல் ரெப்கள், பத்திரிகைக்காரர்கள், சினிமா சான்ஸ் தேடினவங்கன்னு எல்லாரும் வந்தாங்க. ஒரு காப்பி சொல்லிட்டு மணிக்கணக்கா உட்கார்ந்தாங்க. ரெப்களுக்கு அது கிட்டத்தட்ட ஆபீஸ். கதை விவாதம், வேலை தேடல், காதல் எல்லாம் அங்கேதான்.

பிசினஸ் கணக்கில் இது தப்பு. ஒரு டேபிளில் ஒரு மணி நேரத்துக்கு எத்தனை பேர் சாப்பிட்டுட்டு எழுந்திருக்கிறாங்கங்கறதுதான் ஹோட்டல் லாபத்தோட அடிப்படை. 'டேபிள் டர்னோவர்'னு சொல்வாங்க. அந்தக் கணக்குக்கு அடங்காத இடமா டிரைவ்-இன் கிட்டத்தட்ட ஐம்பது வருஷம் இருந்தது.

மிச்சம் என்ன?

கிருஷ்ணராவ் 1990-ல் இறந்தார். டிரைவ்-இன் அவருக்குப் பிறகும் பதினெட்டு வருஷம் ஓடியது. நிலம் பற்றிய நீண்ட சட்டப் போராட்டம் அரசுப் பக்கம் முடிந்ததும், 2008-ல் டிரைவ்-இன் மூடப்பட்டது. 2010 நவம்பரில் அங்கே செம்மொழிப் பூங்கா திறந்தாங்க. நியூ உட்லண்ட்ஸ் இன்னும் ராதாகிருஷ்ணன் சாலையில் இருக்கு.

பூங்காவும் பொது இடம்தான், குறை சொல்லலை. ஆனா காலேஜ் முடிச்சு, வேலை கிடைக்கிறதுக்கு முன்னால் வர்ற அந்த சில மாசம் ரொம்ப மோசமானது. வீட்டில் இருக்க முடியாது, போறதுக்கும் இடம் இருக்காது. பாக்கெட்டில் காசு கொஞ்சம்தான் இருக்கும். அப்படிப்பட்ட பல பேருக்கு மெட்ராஸில் ஒரு நாற்காலி இருந்தது. இன்னைக்கு ஏசி காபி ஷாப்பில் ஒரு கப்போட விலைக்கு நம்ம மெஸ்ஸில் ரெண்டு மூணு வேளை சாப்பிடலாம்.

கிருஷ்ணராவைப் பத்தி எழுதறவங்க ஏழைப் பையன் முதலாளி ஆன கதையாத்தான் எழுதுவாங்க. அது நிஜம்தான். ஆனா அவர் சம்பாதிச்சதைவிட எனக்குப் பெருசா தெரியறது அந்த நாற்காலி. ஃபுட் ஸ்டார்ட்அப் ஐடியாவோட ஹாஸ்டலில் சுத்திட்டிருக்கிற நம்ம நண்பர்கள், ஆப் டிசைன் பண்றதோட இதையும் ஒரு தடவை யோசிங்க: உங்க கடையில் ஒரு காப்பிக்கு எவ்வளவு நேரம் உட்காரலாம்?