திரையில் ஆடிய தூரிகை: உதயசங்கர்

1900ஆம் ஆண்டு டிசம்பர் 8ஆம் நாள் இராசத்தானத்து உதயப்பூரில் வங்காளிக் குடும்பமொன்றில் பிறந்தவர் உதயசங்கர். நாடறிந்த ஆடற்கலைஞராகிய அவர் முதலில் ஓவியரே. பம்பாய் ஜே.ஜே. கலைப்பள்ளியில் பயின்று, இலண்டன் அரச கலைக்கல்லூரியில் வில்லியம் ரோத்தன்ஸ்டைனிடம் மாணவராக இருந்தார். 1923இல் உருசிய நடனமணி அன்னா பாவ்லோவா அவரைக் கண்டெடுத்தார். இராதா-கிருஷ்ணன் கதையில் இருவரும் இணைந்து ஆடினர். தூரிகை பிடித்த கை அன்றிலிருந்து முத்திரை பிடிக்கலாயிற்று.

எந்த மரபையும் முறையாகக் கற்காதவர் என்னும் குறை இறுதிவரை அவரைத் தொடர்ந்தது. குறை உண்மைதான், ஆயின் அதுவே முழு உண்மையன்று. ஆலிஸ் போனர் என்னும் சுவிட்சர்லாந்துச் சிற்பியோடு இந்தியக் கோயில்களைச் சுற்றிப் பார்த்த அவர், கற்சிற்பங்களின் நிலைகளிலிருந்து அசைவுகளை உருவாக்கினார். ஓவியனின் கண்ணன்றோ அது! 1931இல் பாரிசில் அரங்கேறிய அவர் குழு ஐரோப்பாவையும் அமெரிக்காவையும் வலம் வந்தது. சிறுவனாக இருந்த தம்பி இரவிசங்கரும் அக்குழுவில் இருந்தார்.

1930களின் இறுதியில் இமயமலைச் சாரலில் அல்மோராவில் ஒரு கலைமையம் கண்டார். தாம் கல்லாததைத் தம் மாணவர் கற்க வேண்டும் என்று அவர் கருதியிருக்க வேண்டும். பரதநாட்டியம் கற்பிக்கத் தமிழகத்திலிருந்து சென்றவர் பாலசரசுவதியின் ஆசானாகிய கந்தப்பப் பிள்ளை. கதகளிக்குச் சங்கரன் நம்பூதிரியும், இசைக்கு அலாவுதீன் கானும் அங்கிருந்தனர். அங்கு உருவான இராமலீலை நிழல்நாடகம் நம் தோற்பாவைக் கூத்தை நினைவூட்டும். ஆனால் அதில் தோற்பாவைகளில்லை. திரைக்குப் பின்னே மனிதர்களே ஆடினர். 1944இல் மையம் மூடப்பட்டது.

எஞ்சிய கனவைப் படச்சுருளில் ஏற்றச் சென்னைக்கு வந்தார். ஜெமினி ஸ்டூடியோவில் ஆண்டுக்கணக்கில் உழைத்துக் 'கல்பனா' என்னும் இந்திப் படத்தை எடுத்தார். கே. ராம்நாத் ஒளிப்பதிவு செய்தார். மனைவி அமலா உடன் நடித்தார். பத்மினி முதன்முதலில் திரையில் தோன்றியதும் இப்படத்திலேதான். கலைமையம் காண விழையும் ஒரு கலைஞனின் கதையைப் படாதிபதி ஒருவரிடம் ஓர் எழுத்தாளன் சொல்கிறான். கேட்டவரோ அதனை ஏற்க மறுக்கிறார். எண்பதுக்கு மேற்பட்ட நடனங்கள் அக்கதைக்குள் அடங்கியுள்ளன.

கதைக்குள் நேர்ந்தது வெளியிலும் நேர்ந்தது. 1948இல் படம் வந்தது, மக்கள் வரவில்லை. அதே ஆண்டில் அதே ஸ்டூடியோவின் 'சந்திரலேகா' முரசு நடனத்தால் நாட்டையே கவர்ந்தது. கல்பனாவோ கைப்பொருளையும் கரைத்துவிட்டது. அவர் மீண்டும் முழுநீளப் படம் எடுக்கவில்லை.

எனினும் திரையை அவர் விட்டாரில்லை. எழுபதை எட்டிய வயதில், 1970இல், கல்கத்தாவில் 'சங்கர்ஸ்கோப்' நிகழ்த்தினார். திரைப்படமும் மேடையும் அதில் ஒன்றாயின. படத்தில் தோன்றியவர் மேடையில் நேரே வந்து ஆடினர். மறு ஆண்டு பத்மவிபூஷண் விருது கிடைத்தது. 1977 செப்டம்பர் 26இல் மறைந்தார்.

மேடையில் ஆடியது ஆடிய அன்றே கரைந்துபோகும். அவர் ஆடலை இன்று காண விரும்புவோர்க்குப் பெருந்துணையாவது, தோல்வியுற்ற அந்தக் கல்பனாவே. சிதைந்துவந்த அதன் படச்சுருள் செப்பனிடப்பெற்று, 2012இல் கான் திரைவிழாவில் மீண்டும் திரையிடப்பட்டது. அமலா சங்கர், தொண்ணூற்றைக் கடந்த வயதில், அவ்வரங்கிற்கு வந்திருந்தார்.