அரசனின் ஆசிரியர்: ஜார்ஜ் புக்கானனின் வாழ்வும் கொடுங்கோன்மை எதிர்ப்புச் சிந்தனையும்

முன்னுரை

பதினாறாம் நூற்றாண்டு ஐரோப்பாவில் கிறித்தவ சமயச் சீர்திருத்தம் எழுப்பிய வினாக்களுள் ஒன்று, சமயத்தைக் காட்டிலும் அரசையே மிகுதியாக அசைத்தது. அரசன் கொடுங்கோலனாயின் குடிகள் செய்யத்தக்கது யாது என்பதே அவ்வினா. லூத்தரும் கால்வினும் தொடக்கத்தில் கீழ்ப்படிதலையே வற்புறுத்தினர். 1550இல் மக்டெபர்க் நகரப் போதகர்கள், மேலாட்சி நெறி தவறும்போது அதனை எதிர்க்கும் கடமை கீழ்நிலை ஆட்சியாளர்க்கு உண்டு என அறிக்கை வெளியிட்டனர். 1556இல் ஜான் போனெட்டும் 1558இல் கிறிஸ்டோபர் குட்மன், ஜான் நாக்ஸ் ஆகியோரும் அவ்வழியில் மேலும் சென்றனர். 1572 ஆகஸ்டு 24 அன்று பாரிசில் தொடங்கிய பர்த்தலோமேயு நாள் படுகொலைக்குப் பின்னர் பிரான்சுவா ஓத்மான், தியோடர் பெசா ஆகியோரின் நூல்கள் வெளிவந்தன.

இவ்வரிசையில் ஸ்காட்லாந்து நாட்டு இலத்தீன் புலவர் ஜார்ஜ் புக்கானன் (1506-1582) தனித்து நிற்கிறார். சிறுவனான அரசனுக்குப் பாடம் சொன்னவரே அரசனைத் தண்டிக்கும் உரிமையைப் பற்றி நூலெழுதி, அதனை அம்மாணவனுக்கே படைத்தார். அந்நூல் ஓர் அரசியற் கோட்பாடா, அன்றி நடந்து முடிந்த கலகத்திற்குத் தேடிய நியாயமா என்பது இன்றும் விவாதத்திற்குரியது. நூலை மட்டும் கொண்டு இதற்கு விடைகாண இயலாது. நூலாசிரியரின் வாழ்வையும் உடன்வைத்துப் பார்க்கவேண்டும் என்பது இக்கட்டுரையின் நிலைப்பாடு.

கல்வியும் வறுமையும்

ஸ்டெர்லிங் பகுதியில் கில்லர்ன் என்னும் ஊருக்கு அருகே புக்கானன் பிறந்தார். தந்தை இளமையிலேயே இறந்தார். தாய் ஆக்னஸ் ஹெரியட் எண்மராகிய மக்களை வறுமையில் வளர்த்தார். தாய்மாமன் 1520இல் இவரைப் பாரிசுக்குக் கல்விகற்க அனுப்பினார். ஈராண்டில் மாமனும் மறைய, நோயும் பணமுடையும் இவரை ஊர் திருப்பின. பின்னர் செயின்ட் ஆண்ட்ரூஸ் பல்கலைக்கழகத்தில் ஜான் மேரிடம் பயின்றார்.

ஜான் மேர் இங்குக் கருதத்தக்கவர். ஆட்சியதிகாரம் குடிகளிடமிருந்தே அரசனுக்கு வருகிறது, அதனை அவர்கள் மீட்டுக்கொள்ளவும் கூடும் என்பதை 1521இல் வெளிவந்த தம் வரலாற்று நூலில் அவர் எழுதியிருந்தார். அவர் கத்தோலிக்க இறையியலாளர். பின்னாளில் புராட்டஸ்டண்டுச் சிந்தனையின் தனிச்சொத்தாகக் கருதப்பட்ட கருத்தின் வேர் பழைய சமயப் பள்ளியிலேயே இருந்தமை இதனால் விளங்கும். மாணவரோ ஆசிரியரைப் பாராட்டவில்லை. மேர் பெயரளவிலேயே பெரியவர் என்னும் பொருள்படச் சொல்விளையாட்டாக இலத்தீனில் பாட்டெழுதி எள்ளினார். கருத்தைப் பெற்றுக்கொண்டு நடையை இகழ்ந்தார் எனலாம்.

மீண்டும் பாரிஸ் சென்று செயின்ட் பார்ப் கல்லூரியில் ஆசிரியரானார். பாரிசில் இலக்கியம் கற்பிப்போரின் துன்ப நிலையைப் பற்றி அவர் இயற்றிய இரங்கற்பா உண்டு. விடியுமுன் எழுதலும் கவனமற்ற மாணவரும் குறைந்த வருவாயும் அதில் பாடுபொருள். கற்பிக்கும் தொழிலில் உள்ளோர் இன்று படித்தாலும் அதனை அயலார் பாட்டென்று தள்ளமாட்டார்கள்.

சிறையும் நாடகமும்

1530களின் நடுவில் நாடு திரும்பியபோது, ஐந்தாம் ஜேம்ஸ் மன்னர் தம் மகன் ஒருவனுக்கு இவரை ஆசிரியராக்கினார். பிரான்சிஸ்கன் துறவியரை எள்ளிப் பாடுமாறும் மன்னரே கேட்டுக்கொண்டார். புலவர் பாடினார், பகை மூண்டது, 1539இல் இவர் சிறைப்பட்டார். கேட்டுப் பெற்ற மன்னர் காக்க முன்வரவில்லை. காவலர் உறங்கிய வேளையில் சாளரத்தின் வழியே தப்பி, இலண்டன் சென்று, அங்கிருந்து பிரான்சை அடைந்தார். அரசனின் சொல்லை நம்பியவன் அடையும் நிலையை இவர் ஏட்டில் கற்கவில்லை என்பதைக் குறித்துக்கொள்ளவேண்டும்.

போர்தோ நகரின் கியேன் கல்லூரியில் பணியாற்றிய ஆண்டுகள் ஆக்கம் மிக்கவை. யூரிப்பிடிசின் மெடியா, அல்செஸ்டிஸ் ஆகிய இரண்டையும் இலத்தீனில் பெயர்த்தார். ஜெப்தா, திருமுழுக்கு யோவான் ஆகியோரைப் பற்றி இரு துன்பியல் நாடகங்களை இயற்றினார். பின்னாளில் பெரும் கட்டுரையாசிரியராகப் புகழ்பெற்ற மொந்தேன் அங்கு மாணவராக இருந்து இவர் நாடகங்களில் நடித்தவர். யோவான் நாடகத்தில் ஏரோது அரசன் வெறும் கொடியவனாக வரவில்லை. அஞ்சுபவனாக, பிறர் சொல்லுக்கு ஆடுபவனாக, தன் அதிகாரத்திற்கு எல்லையுண்டு என்பதைக் கேட்கப் பொறாதவனாக வருகிறான். அரசியல் நூல் எழுதுவதற்கு ஏறத்தாழ கால் நூற்றாண்டுக்கு முன்பே கொடுங்கோலனின் உள்ளத்தை இவர் வரைந்துவிட்டார். நூல் கலகத்தின் பின்விளைவு மட்டுமே என்னும் கருத்துக்கு இந்நாடகமே முதல் மறுப்பு.

1547இல் போர்ச்சுக்கல் மன்னரின் அழைப்பின்பேரில் கொயிம்பிராவில் தொடங்கப்பட்ட கல்லூரிக்கு அந்திரே தெ கொவேயாவுடன் சென்றார். மறு ஆண்டே கொவேயா இறந்தார். 1550இல் சமய விசாரணை மன்றம் இவரையும் உடனாசிரியர் இருவரையும் கைதுசெய்தது. யோவான் நாடகம் இங்கிலாந்தில் தாமஸ் மோர் கொல்லப்பட்டதை மனத்தில் வைத்து எழுதியது என இவர் மன்றத்தில் கூறினார். அது தற்காப்புக்காகச் சொன்னதாகவே இருப்பினும் பொய்யென ஒதுக்க இயலாது. தீர்ப்பின்படி லிஸ்பனில் ஒரு துறவு மடத்தில் அடைக்கப்பட்டபோது விவிலியத் திருப்பாடல்களை இலத்தீன் யாப்பில் ஆக்கும் பணியில் ஈடுபட்டார். ஐரோப்பா முழுதும் அவருக்குப் புகழ் தந்தது அப்பணியே. 1552இல் விடுதலை பெற்றார்.

அரசியும் அறிஞரும்

1561ஐ ஒட்டி ஸ்காட்லாந்து திரும்பிய புக்கானன் சீர்திருத்தத் திருச்சபையில் சேர்ந்தார். கத்தோலிக்கரான அரசி மேரியோ இவரை மதித்தார். உணவுக்குப் பின் இவருடன் லிவியின் வரலாற்றைப் படித்தார். ஒரு மடத்தின் வருவாயிலிருந்து மானியம் அளித்தார். திருப்பாடல் நூலை இவர் அரசிக்கே படைத்தார்.

1567 பிப்ரவரி 10 அன்று அரசியின் கணவர் டார்ன்லி கொல்லப்பட்டார். கொலைக்கு உடந்தை எனப் பலரும் ஐயுற்ற பாத்வெல்லை மே 15 அன்று அரசி மணந்தார். பிரபுக்கள் கிளர்ந்தெழுந்து, ஜூலையில் அவரை முடிதுறக்கச் செய்து, 13 மாதக் குழந்தையான ஆறாம் ஜேம்சுக்கு முடிசூட்டினர். டார்ன்லியின் லெனாக்ஸ் குடும்பம் புக்கானனின் பிறந்த மண்ணுக்குரியது. அப்பற்று இவரை அரசிக்கு எதிரணியில் நிறுத்தியது. அவ்வாண்டே, மதகுருவல்லாதவராயினும், திருச்சபைப் பொதுப்பேரவைக்குத் தலைமை தாங்கினார். இங்கிலாந்தில் நடந்த விசாரணைக்கு ஆட்சிப் பொறுப்பாளர் மரேயுடன் சென்றார். 1571இல் அச்சேறிய, மேரியைக் குற்றஞ்சாட்டும் இவரது நூல் வசை மலிந்தது. சான்றையும் வதந்தியையும் வேறுபடுத்தாதது. இவர் வாழ்வில் மறைக்கவியலாத கறை அது. மானியம் பெற்றவர் என்பதனாலன்று, வரலாற்றறிஞர் என்பதனாலேயே அது கறையாகிறது.

உரையாடல் நூல்

ஸ்காட்லாந்தில் அரசுரிமை பற்றிய இலத்தீன் உரையாடல் இந்நிகழ்ச்சிகளை ஒட்டி எழுதப்பட்டுக் கையெழுத்துப்படியாக உலவி, 1579இல் எடின்பரோவில் அச்சேறியது. பிரான்சிலிருந்து திரும்பிய இளைஞர் தாமஸ் மெய்ட்லண்டும் புக்கானனும் பேசுவதாக நூல் அமைந்துள்ளது. அரசியை நீக்கியதை அயலார் பழிப்பது ஏன் என்பதில் பேச்சுத் தொடங்கி, அரசன் எதற்காக உண்டானான் என்னும் வினாவுக்கு நகர்கிறது. மருத்துவன் உடலுக்கு எப்படியோ அரசன் குடிகளுக்கு அப்படி என்கிறார் புக்கானன். மருத்துவனும் தவறுவான் ஆதலின் சட்டம் தேவை. சட்டத்தை ஆக்கும் உரிமை குடிகளுடையது. ஆக்கியவர் ஆக்கப்பட்டவனினும் பெரியவர். கீழ்ப்படியச் சொல்லும் பவுலின் உரோமையர் திருமுகத்தைத் தடையாக மெய்ட்லண்ட் முன்வைக்கிறார். ஆற்றலற்ற சிறுகுழுவாக இருந்த அக்காலக் கிறித்தவர்க்குக் கூறிய அறிவுரை அது, அரசின் இலக்கணமன்று என்பது விடை.

பெசா முதலியோர் எதிர்க்கும் உரிமையைக் கீழ்நிலை ஆட்சியாளருடன் நிறுத்தினர். கடவுளுடன் செய்த உடன்படிக்கை அவர்களுடைய வாதத்தின் அச்சாணி. புக்கானனின் வாதம் உடன்படிக்கையைச் சாரவில்லை. மனித இயல்பையும் சட்டத்தையும் சார்ந்தது. கொடுங்கோலன் பொதுப்பகைவன் ஆதலின் அவனை எதிர்க்கும் உரிமை தனிமனிதர்க்கும் உண்டு என்னும் எல்லைவரை அது செல்கிறது. துணிவான இடம் இதுவே. ஆபத்தான இடமும் இதுவே. கொடுங்கோலன் இவனென்று முடிவுசெய்பவர் யார் என்பதற்கு நூல் நிறைவான விடை தரவில்லை.

மற்றொரு குறை வரலாறு பற்றியது. ஸ்காட்டியர் பழங்காலத்தில் தீய மன்னர் பலரை நீக்கினர் எனப் புக்கானன் காட்டும் சான்றுகள் ஹெக்டர் போயஸ் என்பவரின் நூலைச் சார்ந்தவை. அம்மன்னருட் பலர் கற்பனை என்பதைத் தாமஸ் இன்னஸ் 1729இல் நிறுவினார். ஆயினும் மருத்துவ உவமையிற் பிறந்த வாதம் அப்பட்டியலை நம்பி நிற்கவில்லை.

மாணவ அரசன்

1570 முதல் ஸ்டெர்லிங் கோட்டையில் புக்கானனும் பீட்டர் யங்கும் ஜேம்சுக்குக் கற்பித்தனர். யங் இணக்கமானவர், புக்கானன் கடுமையானவர். படிக்காமலே கையொப்பமிடும் வழக்கத்தைத் திருத்த, அரசதிகாரம் 15 நாள்களுக்குத் தம்மிடம் மாற்றப்படுவதாக ஓர் ஆவணத்தை நீட்டிச் சிறுவனிடம் இவர் கையொப்பம் பெற்றார் என்பது மரபுக்கதை. யோவான் நாடகத்தையும் அரசுரிமை நூலையும் இவர் ஜேம்சுக்கே படைத்தார். வெற்றிபெற்ற அணியின் செயலுக்கு நியாயம் கற்பிப்பதே நோக்கமாயின், முடிசூட்டி 12 ஆண்டு கழித்து, அந்த அணி நிறுத்திய அரசனின் கையிலேயே அதனைக் கொடுக்கவேண்டியதில்லை. நூல் கலகத்தால் தூண்டப்பட்டது. அரசனை உருவாக்கும் பாடமாக முடிந்தது என்பதே பொருந்தும்.

இறுதி நாள்களும் நூலின் பின்வாழ்வும்

1581 செப்டம்பரில் ஆண்ட்ரூ மெல்வில்லும் அவர் உறவினர் ஜேம்ஸ் மெல்வில்லும் நோயுற்ற புக்கானனைக் காணச் சென்றபோது, அவர் தம் பணியாளுக்கு எழுத்துக் கூட்டக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருந்தார். பின்னர் அச்சகம் சென்ற அவர்கள், மேரியின் செயலர் ரிசியோவின் அடக்கம் பற்றிய பகுதி அரசனைச் சினமூட்டி ஸ்காட்லாந்து வரலாற்று நூலையே முடக்கிவிடும் என அஞ்சித் திரும்பிவந்து கூறினர். எழுதியது உண்மையா என்று மட்டும் அவர் வினவினார். உண்மையே என்றதும் மாற்ற மறுத்துவிட்டார். 1582இல் நூல் வெளிவந்தது. அவ்வாண்டு ஆகஸ்டில் பிரபுக்கள் சிலர் ஜேம்சைப் பிடித்துத் தம் காவலில் வைத்தனர். மாணவன் அந்நிலையில் இருக்கையில், செப்டம்பர் 28 அன்று புக்கானன் எடின்பரோவில் மறைந்தார். அடக்கச் செலவை நகர மன்றமே ஏற்றது.

1584இல் நாடாளுமன்றம் அரசுரிமை நூலையும் வரலாற்றையும் வைத்திருப்போர் 40 நாள்களுக்குள் ஒப்படைக்குமாறு ஆணையிட்டது. 1598இல் ஜேம்ஸ் அரசர் கடவுளுக்கே பொறுப்புடையவர் என நூலெழுதினார். மறு ஆண்டு தம் மகனுக்கு எழுதிய அறிவுரை நூலில் புக்கானனின் நூல்களைப் பெயர்சுட்டிக் கண்டித்தார். ஆசிரியரின் இலத்தீனை ஏற்று அரசியலை மறுத்த மாணவர் அவர். 1649இல் அவருடைய மகன் முதலாம் சார்லசின் தலை வெட்டப்பட்டபோது அச்செயலை நியாயப்படுத்திய மில்டன் புக்கானனை மேற்கோளாட்சி செய்தார். 1683இல் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகம் இருவர் நூல்களையும் தீயிலிட்டது. ஆறாண்டு கழித்து, 1689 ஏப்ரலில், ஏழாம் ஜேம்ஸ் முடியுரிமையை இழந்தார் என ஸ்காட்லாந்து மக்கள் பேரவை எடின்பரோவில் அறிவித்தது. அவர் புக்கானனின் மாணவருக்குப் பேரன்.