கப்பல், விமானம், கார்: ஆங்கிலேய அரசின் மறுப்பை மீறி எழுந்த வால்சந்த் ஹீராசந்த்

புனே: சுதந்திர இந்தியாவின் முதல் முப்பது ஆண்டுகளில் நடுத்தரக் குடும்பம் ஒன்று சொந்தமாகக் கார் வாங்க விரும்பினால், அதன் முன் இருந்த வாய்ப்புகள் மிகக் குறைவு. கொல்கத்தா அருகே உருவான அம்பாசிடர், பிரிட்டனின் மோரிஸ் ஆக்ஸ்போர்டு காரின் மறுவடிவம். சென்னையில் தயாரான ஸ்டாண்டர்டு கார்கள், இங்கிலாந்தின் கோவென்ட்ரி நகரிலிருந்து வந்தவை. மூன்றாவதாக மும்பையில் தயாரான ஃபியட் மட்டுமே பிரிட்டிஷ் வழியில் வராத கார். அந்தத் தொழிற்சாலைக்கு வித்திட்டவர், புனே மாவட்டத்தில் தன் பெயரில் ஒரு தொழில் நகரையே விட்டுச்சென்ற வால்சந்த் ஹீராசந்த்.

ரயில் பாதையில் தொடங்கிய பயணம்

1882-ஆம் ஆண்டு நவம்பர் 23-ஆம் தேதி சோலாப்பூரில், பருத்தி வணிகமும் வட்டித் தொழிலும் செய்துவந்த சமணக் குடும்பத்தில் வால்சந்த் பிறந்தார். குடும்பத் தொழில் அவரை ஈர்க்கவில்லை. ரயில்வேயில் எழுத்தராகப் பணியாற்றிய பாடக் என்பவருடன் கூட்டுச் சேர்ந்து, ரயில் பாதை அமைக்கும் ஒப்பந்தப் பணிகளில் இறங்கினார். பின்னாளில், மும்பையையும் புனேயையும் இணைக்கும் போர் காட் மலைப்பாதையில் ரயில் சுரங்கங்கள் அமைக்கும் பெரும்பணியும் அவரது நிறுவனத்தின் வசம் வந்தது.

முதல் உலகப் போர் முடிந்த கையோடு அவரது கவனம் கடலின் பக்கம் திரும்பியது. இந்தியக் கடல் வணிகம் அப்போது பிரிட்டிஷ் கப்பல் நிறுவனங்களின் பிடியில் இருந்தது. நரோத்தம் மொரார்ஜி உள்ளிட்டோருடன் இணைந்து, 1919-இல் சிந்தியா நீராவிக் கப்பல் நிறுவனத்தை அவர் தொடங்கினார். குவாலியர் அரசரிடமிருந்து வாங்கப்பட்ட 'லாயல்டி' என்ற கப்பல், அதே ஆண்டு ஏப்ரல் 5-ஆம் தேதி பம்பாயிலிருந்து லண்டனுக்குப் புறப்பட்டது. அந்த நாளே இன்றும் தேசிய கடல்சார் தினமாகக் கடைப்பிடிக்கப்படுகிறது.

கட்டணக் குறைப்புப் போட்டியால் சிந்தியா நிறுவனத்தை முடக்கப் பிரிட்டிஷ் நிறுவனங்கள் முயன்றன. நிறுவனம் தாக்குப்பிடித்தது. ஆயினும், ஆள்வோரின் ஆதரவு இல்லாமல் பெருந்தொழில் நடத்துவது எவ்வளவு கடினம் என்பதை வால்சந்த் அந்த அனுபவத்தில் உணர்ந்துகொண்டார்.

தரிசு நிலத்தில் ஒரு நகரம்

புனே மாவட்டத்தின் இந்தாப்பூர் வட்டத்தில், நீரா ஆற்றுக் கால்வாய்ப் பாசனத்தை நம்பி கலம்ப் கிராமத்தில் கரும்புப் பண்ணையையும், 1930-களில் சர்க்கரை ஆலையையும் அவரது குழுமம் அமைத்தது. ஆலையைச் சுற்றிக் குடியிருப்புகளும் பள்ளிகளும் எழுந்தன. அந்த இடமே இன்றைய வால்சந்த்நகர். சர்க்கரை ஆலைகளுக்கான இயந்திரங்களைத் தயாரிக்கத் தொடங்கிய அங்குள்ள தொழிற்சாலை, பின்னாளில் இஸ்ரோவின் ராக்கெட்டுகளுக்கான மோட்டார் உறைகளையும் தயாரித்து அளித்தது.

கிடைக்காத அனுமதி

1930-களில் இந்தியாவில் கார் தயாரிக்கப்படவில்லை, பூட்டப்பட்டது மட்டுமே. ஃபோர்டும் ஜெனரல் மோட்டார்ஸும் பெட்டிகளில் வந்த உதிரிபாகங்களைப் பொருத்தி விற்றன. முழுக் காரையும் இங்கேயே உருவாக்க வேண்டும் என்று முதலில் திட்டம் வகுத்தவர் பொறியாளர் விஸ்வேஸ்வரய்யா. புனே அருகே கடக்வாஸ்லா அணையில் தானியங்கி மதகுகளை நிறுவிய அதே விஸ்வேஸ்வரய்யாதான் அவர். அந்தத் திட்டத்தைச் செயலாக்கும் பொறுப்பை வால்சந்த் ஏற்றார்.

1939-இல் அவர் அமெரிக்கா சென்றார். ஃபோர்டு நிறுவனத்துடன் நடந்த பேச்சு பலனளிக்கவில்லை. கிரைஸ்லர் ஒத்துழைக்க முன்வந்தது. ஆனால், இரண்டாம் உலகப் போர் மூண்டதும் சூழல் மாறியது. திட்டத்துக்கு ஆதரவு காட்டிய பம்பாய் மாகாணக் காங்கிரஸ் அரசு பதவி விலகியது. இயந்திரங்களை இறக்குமதி செய்ய டாலரும் கப்பலில் இடமும் தேவைப்பட்டன. அவற்றை ஒதுக்கும் அதிகாரம் டெல்லியிடம் இருந்தது. கார் தொழிற்சாலையைப் போருக்கு இன்றியமையாத தொழிலாக ஏற்க ஆங்கிலேய அரசு மறுத்தது. போர்க்காலப் பற்றாக்குறை ஒருபுறம் உண்மைதான். எனினும், பிரிட்டிஷ் கார் நிறுவனங்களின் சந்தையைக் காக்கவே இந்த மறுப்பு எனத் தேசியத் தலைவர்கள் பலரும் கருதினர்.

காருக்கு அனுமதி கிடைக்காத அதே காலத்தில் விமானத்துக்கு வழி பிறந்தது. அமெரிக்கப் பயணத்திலிருந்து திரும்பும்போது விமானத் தொழிலதிபர் வில்லியம் பாலியை அவர் சந்தித்தார். அதன் விளைவாக, 1940 டிசம்பரில் மைசூர் சமஸ்தானத்தின் பங்களிப்புடன் பெங்களூரில் ஹிந்துஸ்தான் ஏர்கிராஃப்ட் நிறுவனம் உருவானது. விசாகப்பட்டினத்தில் கப்பல் கட்டும் தளத்துக்கு 1941-இல் ராஜேந்திர பிரசாத் அடிக்கல் நாட்டினார். விமான நிறுவனத்தில் வால்சந்த் தரப்புக்கு இருந்த பங்கை 1942-இலேயே அரசு வாங்கிக்கொண்டது. கப்பல் தளத்தின் பெரும்பங்கும் 1952-இல் அரசின் கைக்குச் சென்றது. இந்த மூன்று திட்டங்களில் தனியார் வசமே எஞ்சியது, தொடக்கத்திலேயே தடுக்கப்பட்ட கார்தான்.

பிரிட்டிஷ் கார்களுக்கு நடுவே

1944-இல் பிரீமியர் ஆட்டோமொபைல்ஸ் நிறுவனம் தொடங்கப்பட்டது. பம்பாயின் குர்லா பகுதியில் அமைந்த அதன் தொழிற்சாலையிலிருந்து, நாடு விடுதலை பெற்ற 1947-இல் கிரைஸ்லர் குழும வாகனங்கள் வெளிவரத் தொடங்கின.

போரில் கடன்பட்டிருந்த பிரிட்டன் அப்போது ஏற்றுமதியையே நம்பியிருந்தது. வெளிநாட்டில் விற்கும் கார் நிறுவனங்களுக்கே எஃகு ஒதுக்கீட்டில் முன்னுரிமை தரப்பட்டது. ஸ்டாண்டர்டு வேன்கார்டு, மோரிஸ் மைனர் போன்ற குடும்பக் கார்கள் உலகெங்கும் சென்றன. 1950-இல் கார் ஏற்றுமதியில் உலகிலேயே முதலிடம் பிரிட்டனுக்குக் கிடைத்தது. இந்தியாவிலும் பிர்லா குழுமத்தின் ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ், மோரிஸ் கார்களையே தேர்ந்தெடுத்தது. சென்னையில் வேன்கார்டும், பின்னர் ஸ்டாண்டர்டு டென், ஹெரால்டு கார்களும் உருவாயின.

அமெரிக்கக் கார்கள் பெரியவை. பெட்ரோலை மிகுதியாகக் குடித்தவை. இந்தியக் குடும்பத்தின் வருவாய்க்கு அவை பொருந்தவில்லை. எனவே, சிறிய கார் தேடிய பிரீமியர் நிறுவனம் 1950-களின் தொடக்கத்தில் இத்தாலியின் ஃபியட்டுடன் ஒப்பந்தம் செய்துகொண்டது. உள்நாட்டில் உற்பத்தி செய்யும் திட்டம் இல்லாத நிறுவனங்களுக்கு இடமில்லை என்ற கொள்கையை 1953-இல் மத்திய அரசு ஏற்றதைத் தொடர்ந்து, ஜெனரல் மோட்டார்ஸும் ஃபோர்டும் இந்தியாவை விட்டு வெளியேறின. போருக்கு முன்பு வால்சந்த் வலியுறுத்திய கருத்தே அரசின் கொள்கையானது.

காணாமல் போன காட்சி

அந்த மாற்றத்தின் பலனை அவர் பார்க்கவில்லை. 1949-இல் பக்கவாதத்தால் பாதிக்கப்பட்ட வால்சந்த், பொறுப்புகளிலிருந்து விலகினார். 1953-ஆம் ஆண்டு ஏப்ரல் 8-ஆம் தேதி குஜராத்தின் சித்பூரில் தனது 70-ஆவது வயதில் காலமானார். பின்னாளில் பிரீமியர் பத்மினி என்ற பெயரில் மும்பை டாக்சிகளின் அடையாளமாக விளங்கிய ஃபியட் 1100 வகைக் கார், அவர் மறைந்த மறு ஆண்டில்தான் இந்தியாவில் அறிமுகமானது.

அவரது கனவின் மறுபக்கத்தையும் வரலாறு பதிவு செய்துள்ளது. இறக்குமதித் தடையும் உரிம முறையும் உள்நாட்டு நிறுவனங்களைப் பாதுகாத்தன. அதேவேளை போட்டியையும் அகற்றின. ஒரே வகைக் கார்கள் பல பத்தாண்டுகள் பெரிய மாற்றமின்றி விற்கப்பட்டன. முன்பணம் கட்டிய குடும்பங்கள் காருக்காக ஆண்டுக்கணக்கில் காத்திருந்தன. அந்த மூன்று நிறுவனங்களின் கார்களும் இன்று உற்பத்தியில் இல்லை. மும்பையின் கடைசி பத்மினி டாக்சியும் 2023 அக்டோபருடன் சாலையிலிருந்து விடைபெற்றது.

ஆனால், காரை வாங்கிப் பூட்டும் நாடாக இல்லாமல், உருவாக்கும் நாடாக இந்தியா இருக்க வேண்டும் என்ற அவரது வாதம் நிலைபெற்றுவிட்டது. அவரது நிறுவனம் சுரங்கம் குடைந்த மலைப்பாதையைக் கடந்து புனேக்கு வரும் ரயில் பயணி, நகருக்குள் நுழையும் முன் பிம்ப்ரி-சிஞ்ச்வட் தொழிற்பகுதியைக் கடக்கிறார். நாட்டின் முன்னணி வாகன உற்பத்தி மையங்களில் ஒன்றாக இன்று திகழ்கிறது அந்தப் பகுதி.