காவலூர்க் கண்ணாடியும் அப்பாவின் மைக்ரோமீட்டரும்

ஜவ்வாது மலைன்னா நம்ம பசங்களுக்குச் சந்தன மரமும் தேனும்தான் ஞாபகம் வரும். எனக்கு வைணு பாப்பு.

அப்பா லேத் பட்டறையில் டர்னர். அவர் தவறிய மூன்றாம் மாதம், என் மனசு கொஞ்சம் மாறட்டும்னு மாமா ஒரு சனிக்கிழமை ஆலங்காயம் வழியாகக் காவலூர் வானாய்வகத்துக்குக் கூட்டிப் போனார். அப்பா விட்டுப் போனது ஒரே ஒரு மைக்ரோமீட்டர். அதை அம்மா பழைய வேட்டித் துணியில் சுற்றிப் பெட்டியில் பூட்டிவிட்டார். யாரும் தொடக்கூடாது.

பாப்பு 1927-இல் சென்னையில் பிறந்தவர். அவருடைய அப்பா ஐதராபாத் நிஜாமியா வானாய்வகத்தில் உதவியாளர். ஹார்வர்டில் படிக்கும்போதே, 1949-இல், ஒரு வால்நட்சத்திரத்தைக் கண்டுபிடித்தார். இன்னும் இருவர் பெயரோடு இவர் பெயரும் அதற்கு உண்டு. 1960-இல் கொடைக்கானல் வானாய்வகத்தின் இயக்குநர். அங்கே மேகத் தொல்லை. இருட்டும் தெளிந்த வானமும் தேடி அலைந்து, கடைசியில் காவலூரைப் பிடித்தார். 1968-இல் முதலில் நிறுத்தியது 38 செ.மீ. தொலைநோக்கிதான். அதுவும் கொடைக்கானல் பட்டறையிலேயே செய்தது! 1972-இல் ஜெர்மனியின் ஒரு மீட்டர் கருவி வந்தது. 1977-இல் யுரேனஸ் வளையங்களைக் கண்டவர்களில் காவலூர்க்காரர்களும் உண்டு.

ஆனாலும் அவர் ஆசை நம்ம நாட்டிலேயே ஒரு பெரிய தொலைநோக்கியைக் கட்டணும் என்பது. 2.34 மீட்டர் ஆடி. கண்ணாடி வெளிநாட்டில் வாங்கியது. தேய்த்து மெருகேற்றியது பெங்களூரில். நாம் மெட்ராலஜி லேபில் 0.01 மி.மீ. பார்த்தாலே பெருமைப்படறோம். இந்த ஆடியில் அதில் நூறில் ஒரு பங்கு பிசகினாலே நட்சத்திரம் கலங்கிப் போகும். வேலை நடந்துகொண்டிருக்கும்போதே, 1982 ஆகஸ்டில், மியூனிக் நகரில் பாப்பு இறந்துபோனார். வயசு 55. சகாக்கள் வேலையை நிறுத்தவில்லை. 1986 ஜனவரி 6 அன்று ராஜீவ் காந்தி அந்தத் தொலைநோக்கியைத் திறந்துவைத்து அவர் பெயரையே சூட்டினார். அவர் ஒரு ராத்திரிகூட அதன் வழியாகப் பார்த்ததில்லை.

கோபுரத்துக்குள்ளே நின்றபோது எனக்குத் தொண்டை அடைத்தது. அது கண்ணாடிப் பெட்டியில் வைத்த நினைவுப் பொருள் இல்லை. கிரீஸ் வாசனை அடித்தது. ராத்திரி வேலைக்குத் தயாராக நின்றது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் பெட்டிச் சாவி கேட்டேன். ரெண்டு நாள் பேசவேயில்லை. மூன்றாம் நாள் காலை என் சாப்பாட்டுப் பையில் அந்த வேட்டித் துணி இருந்தது.

மைக்ரோமீட்டரில் ஜீரோ எரர் 0.02 இருக்கு. அப்பா மனக்கணக்காகவே கழிச்சுக்குவார். நான் ரெக்கார்டு நோட்டில் எழுதிக் கழிக்கிறேன்.

— மூன்றாமாண்டு மெக்கானிக்கல் மாணவன்