இரும்புக்கையை வரைந்தவர்

ஸ்ரீபெரும்புதூரினின்று ஒரகடம் செல்லும் பெருவழியின் இருமருங்கிலும் இன்று மோட்டார்த் தொழிற்சாலைகள் மல்கியுள்ளன. அவற்றுள் உடலற்ற இரும்புக்கரங்கள் தாமே நீண்டும் மடங்கியும் வண்டிகளைப் பற்றவைத்தலைக் காணுந்தோறும், இளமையில் நாம் விரும்பிப் படித்த இரும்புக்கை மாயாவியே நினைவுக்கு வருகின்றான். 1972-ஆம் ஆண்டில் சிவகாசி முத்து காமிக்ஸ் வாயிலாகத் தமிழ்ச் சிறுவர்க்கு அவன் அறிமுகமானான். அவனை வரைந்த கை எவருடையதென அக்காலத்தில் நாம் வினவினோமல்லேம்.

அக்கைக்குரியவர் ஹெசூஸ் பிளாஸ்கோ என்னும் ஓவியர். ஸ்பெயின் தேசத்துப் பார்ஸிலோனா நகரில் 1919-இல் பிறந்தார். இருபது வயது நிரம்புமுன்பே, 1935-இல், கூட்டோ என்னும் வீரச் சிறுவனைப் படைத்து அந்நாட்டுப் பிள்ளைகளின் உள்ளங் கவர்ந்தார். மறு ஆண்டே உள்நாட்டுப் போர் மூண்டது. 1938 மார்ச்சில் அவரது நகரின்மீது வானூர்திகள் குண்டுமாரி பொழிந்தன. அவ்விருளைக் கண்ட தலைமுறையினர் இவர் என்பதை மறத்தலாகாது.

பின்னர் இலண்டன் மாநகரத்துச் சித்திர இதழ்கட்கு வரையலானார், உடன்பிறந்தாரும் துணைநின்றனர். 1962-இல் வாலியண்ட் என்னும் வார இதழில் இரும்புக்கைக் கதை தொடங்கிற்று. ஆய்வுக்கூட உதவியாளனாகிய கிராண்டெல் விபத்தொன்றில் வலக்கை இழந்து இரும்புக்கை பெறுகின்றான். மின்சாரம் தாக்கிய அளவில் அவன் உடல் மறைந்து கைமட்டும் தோன்றும். (இதனை நம்பி மின்துளையில் விரல்விடப் புகுந்து அன்னையிடம் அடிபட்டவருள் நாமும் ஒருவர்.) முதற்கதையில் அவன் வீரனல்லன், மனங்கசந்து ஊரைக் கொள்ளையிட்ட குற்றவாளி. நீதியின் பக்கம் வந்தது பின்னரே. பிளாஸ்கோவோ வெண்தாளில் கருமையைத் தாராளமாகப் பெய்து, ஆளில்லா அறையில் ஒரு கை மட்டும் மிதந்துவரும் அச்சத்தை நிலைநிறுத்தினார்.

இந்நாளில் இளைஞர் சிலர், தாம் சிறுவராயிருந்தபோது போற்றிய சித்திரக்கதை வீரர்களைக் குறும்படங்களில் இருண்ட மாந்தராக்கிக் காட்டுகின்றனர். நாமும் முதலில் முகஞ்சுளித்தோம். முதற்கதையை மீண்டும் புரட்டியபின் அங்ஙனம் செய்ய இயலவில்லை. ஆயினும் குருதியும் மழையிரவும் மட்டும் காட்டுவோர்பால் நமக்கு மனக்குறையுண்டு. கையிழந்தவன் ஏன் கசந்தான் என்பதன்றோ கதை? இயந்திரத்தில் விரல்களை இழந்து இவ்வழியே வீடு திரும்பிய இளைஞனொருவனை நாம் அறிவோம். நெடுநாள் அவன் எவரோடும் பேசினானல்லன்.

அக்காலத்து ஆங்கிலச் சிறுவர் இதழ்களில் ஓவியர் பெயரை அச்சிடும் வழக்கம் அரிது. எனவே மாயாவியைப்போலவே பிளாஸ்கோவும், கை மட்டும் தோன்றத் தாம் மறைந்தே உழைத்து, 1995-இல் காலமானார்.