ஒரு வினைமுற்றும் ஒரு நாட்டின் உரிமையும்

இலக்கணம் கற்பிப்பதையே தொழிலாகக் கொண்ட எனக்கு, எதியோப்பியச் சக்கரவர்த்தி இரண்டாம் மெனெலிக்கின் வரலாறு தனிச்சுவை பயப்பதாகும். ஷோவா நாட்டு அரச குடும்பத்தில் 1844 இல் தோன்றிய இவர், இளமையிலே தந்தையை இழந்தார். தியோதரோஸ் சக்கரவர்த்தியால் மக்தலா மலைக்கோட்டையிற் சிறைவைக்கப்பட்டு, 1865 இல் தப்பிச்சென்று ஷோவாவின் அரசரானார். 1889 இல் எதியோப்பியா முழுவதற்கும் சக்கரவர்த்தியானார்.

அவ்வாண்டிலேயே இத்தாலியரோடு வுச்சாலே உடன்படிக்கை செய்தார். பிற நாடுகளோடு தொடர்புகொள்ள இத்தாலியின் உதவியை அவர் நாடலாம் என்று அதன் பதினேழாம் பிரிவு அம்காரிக் மொழியில் அமைந்தது. இத்தாலிய மொழியிலோ நாடவேண்டும் என்று நின்றது. முன்னையது உரிமை, பின்னையது கட்டளை. அக்கட்டளையைக் காட்டியே, எதியோப்பியா தன் பாதுகாப்பிற்கு உட்பட்ட நாடென இத்தாலி ஐரோப்பிய அரசுகளுக்கு அறிவித்தது. மெனெலிக் அதனை மறுத்து, 1893 இல் உடன்படிக்கையையே தள்ளிவிட்டார். போர் மூண்டது. 1896 மார்ச் 1 ஆம் நாள் அத்வாக் களத்தில் இத்தாலியப் படை முறிந்தது. அவ்வாண்டு ஒக்டோபரில் அடிஸ் அபாபாவில் எழுந்த உடன்படிக்கையால் எதியோப்பியாவின் முழுச் சுதந்திரத்தை இத்தாலி ஏற்றுக்கொண்டது.

தம் நாட்டுரிமை காத்த அவரே தென்றிசை மக்களை வாள்வலியால் அடக்கினார் என்பதையும் மறைத்தலாகாது. 1913 இல் அவர் மறைந்தார். விகுதி பிழைத்தால் என்ன கெட்டுவிடும் என்று வினவும் மாணாக்கர்க்கு யான் கூறுவது இவ்வரலாற்றையே.